பாலாறும் நம் பொறுப்பும்: பழைய தீங்கு பழகிவிட்டால் ஆகுமானதாகிவிடுமா?

பிஸ்மிஹி தஆலா. நஹ்மதுஹு வநுஸல்லீ அலா ரசூலிஹில் கரீம். அம்மா பஅத்!



சில மாதங்களுக்கு முன்பு ஒரு நாள் அஸர் தொழுகை முடிந்து வெளியே வந்தேன். பள்ளிவாசல் வாசலில் ஒரு பெரியவர் நின்றிருந்தார். பாலாற்றங்கரை கிராமத்து விவசாயி. முஸ்லிம் அல்ல. கையில் ஒரு பிளாஸ்டிக் பாட்டில், அதில் அவருடைய கிணற்றுத் தண்ணீர். மஞ்சள் கலந்த நிறம்.

"ஹஜரத்து, ஒரு சந்தேகம். தொழுவுறதுக்கு முன்னாடி நீங்க கை கால் கழுவுறீங்களே, அதுக்கு இந்தத் தண்ணி ஆகுமா?" என்று கேட்டார்.

அவர் என்னிடம் பணம் கேட்கவில்லை, யார் மீதும் புகார் சொல்லவில்லை. மார்க்கச் சட்டம்தான் கேட்டார். அரபுக் கல்லூரியில் தண்ணீரின் பாடத்தை ஓதி, பிறகு பல ஆண்டுகள் மாணவர்களுக்கு ஓதிக்கொடுத்தவன் நான். ஆனாலும் அந்த வாசலில் உடனே பதில் சொல்ல என் நாவு எழவில்லை. அவர் கேட்டது ஒளூவைப் பற்றி மட்டும் அல்ல என்பது எனக்குப் புரிந்துவிட்டது. இன்றைய உரை அவருக்கு நான் சொல்ல வேண்டிய பதில். உங்களுக்கும் எனக்கும் உள்ள பாடமும் அதுவே.

தோல் தொழில் கண்ணியமான தொழில்

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். தோல் தொழிலைக் குறை சொல்வது இந்த உரையின் நோக்கம் அல்ல. வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, இராணிப்பேட்டை, மேல்விஷாரம், திண்டுக்கல் என்று நம் சமுதாய மக்கள் தலைமுறை தலைமுறையாகச் செய்துவரும் தொழில் இது. பல்லாயிரம் குடும்பங்களுக்கு அல்லாஹ் இதன் வழியாக ரிஸ்க் அளிக்கிறான். முஸ்லிம், இந்து, கிறிஸ்தவர் என்று எல்லோரும் அதில் உழைக்கிறார்கள். பள்ளிவாசல்கள், மதரஸாக்கள், பெண்கள் கல்லூரிகள் என்று எத்தனையோ நற்பணிகள் இந்தத் தொழிலின் வருமானத்தில் எழுந்தவை.

மார்க்கத்திலும் தோல் பதனிடுதலுக்குத் தனி இடம் உண்டு. அன்னை மைமூனா (ரலி) அவர்களின் பணிப்பெண்ணுக்குத் தர்மமாகக் கொடுக்கப்பட்ட ஓர் ஆடு செத்துக் கிடந்தது. அவ்வழியே சென்ற நபி (ஸல்) அவர்கள், அதன் தோலை எடுத்துப் பதனிட்டுப் பயன்படுத்தியிருக்கக் கூடாதா என்று கேட்டார்கள். செத்த பிராணி ஆயிற்றே என்று தோழர்கள் சொன்னபோது, அதை உண்பதுதான் தடுக்கப்பட்டது என்று விளக்கினார்கள். (நூல்: புகாரி, முஸ்லிம்) பதனிடப்பட்ட தோல் தூய்மையாகிவிடும் என்ற கருத்திலும் ஸஹீஹான ஹதீஸ் முஸ்லிமில் உள்ளது. ஃபிக்ஹு நூல்களில் 'திபாகத்' என்று ஒரு பாடமே இருக்கிறது.

பாருங்கள், வீணாகிப் போகும் ஒரு பொருளை மனிதனுக்குப் பயன்படும்படி தூய்மையாக்குவதுதான் திபாகத்தின் நோக்கம். தோல் சுத்தமாகிறது, அல்ஹம்துலில்லாஹ். அந்தத் தோலைச் சுத்தமாக்கிய தண்ணீர் என்ன ஆனது? இன்றைய கேள்வி இது.

பாலாற்றுக்கு என்ன நேர்ந்தது?

பாலாறு கர்நாடகத்தின் நந்தி மலைப் பகுதியில் தோன்றி, ஆந்திரத்தைக் கடந்து, தமிழ்நாட்டில் வாணியம்பாடி, ஆம்பூர், வேலூர், இராணிப்பேட்டை வழியாக ஓடி, செங்கல்பட்டு மாவட்டத்தில் கடலில் கலக்கிறது. சுமார் 348 கிலோமீட்டர் நீளத்தில் 222 கிலோமீட்டர் தமிழ்நாட்டில் உள்ளது. ஆண்டு முழுவதும் மேலே தண்ணீர் ஓடும் ஆறு அல்ல அது. மணலுக்கு அடியில் தண்ணீர் ஓடும். கோடையிலும் மணலைக் கையால் தோண்டினால் ஊற்று சுரந்தது என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். அந்த மணல்தான் அல்லாஹ் வைத்திருந்த வடிகட்டி.

முற்காலத்தில் ஆவாரம் பட்டை, கடுக்காய் போன்றவற்றைக் கொண்டு தோலைப் பதனிட்டார்கள். 1970களில் பாதி பதனிட்ட தோலின் ஏற்றுமதிக்கு அரசு கட்டுப்பாடு கொண்டுவந்தது. முழுமையாக முடித்த தோலும் காலணியும் ஏற்றுமதி ஆக வேண்டும் என்பது கொள்கை. அதன் பிறகு குரோமியம் உப்பைக் கொண்டு பதனிடும் முறை பரவலானது. வேலை வேகமாக முடிந்தது, தோலும் மென்மையாக வந்தது. கூடவே கழிவும் மாறியது.

பச்சைத் தோல் கெட்டுப்போகாமல் இருக்க உப்புப் போட்டு வைப்பார்கள். ஊற வைக்கும்போது அந்த உப்பு முழுவதும் தண்ணீரில் இறங்கும். பிறகு முடி நீக்கச் சுண்ணாம்பும் சல்பைடும். பிறகு அமிலமும் குரோமியமும். கடைசியில் சாயம். ஒரு கிலோ தோலை முடிக்கச் சுமார் 35 லிட்டர் தண்ணீர் செலவாகிறது என்றும், சுமார் 170 வகை இரசாயனங்கள் பயன்படுகின்றன என்றும் உச்ச நீதிமன்றத்தின் 1996ஆம் ஆண்டுத் தீர்ப்பிலேயே பதிவாகியுள்ளது. இந்தக் கழிவு நீர் பல ஆண்டுகள் சுத்திகரிக்கப்படாமலே கால்வாய்க்கும், ஏரிக்கும், ஆற்று மணலுக்கும் போனது. கரையில் இருந்த கிணறுகள் ஒவ்வொன்றாக உவர்த்தன. வேளாண் பல்கலைக்கழகத்தின் வேலூர் ஆய்வு மையம் நடத்திய கணக்கெடுப்பின்படி, தோல் தொழில் பகுதியில் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ சாகுபடிக்கு ஆகாமல் போனது. திண்டுக்கல் வட்டாரத்தில் 13 கிராமங்களில் பார்த்த 467 கிணறுகளில் 350 கிணறுகள் கெட்டிருந்தன. இவையும் அதே தீர்ப்பில் உள்ள கணக்குகள்.

வேலூர் குடிமக்கள் நல மன்றம் 1991இல் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று அந்தத் தீர்ப்பு வந்தது. தீர்ப்பளித்த மூன்று நீதிபதிகளில் ஒருவர் நீதிபதி ஃபைஸானுத்தீன். அந்நியச் செலாவணி ஈட்டித் தரும் தொழில் என்றாலும், சுற்றுச்சூழலை அழிக்க அதற்கு உரிமை கிடையாது என்பது தீர்ப்பின் சாரம். கெடுத்தவரே ஈடு கட்ட வேண்டும் என்ற கோட்பாட்டை இந்த நாட்டின் சட்டமாக நிலைநிறுத்திய தீர்ப்புகளில் அது முக்கியமானது. அதன்படி அமைக்கப்பட்ட ஆணையம் 2001இல் 29,193 பேருக்குச் சுமார் 26 கோடியே 82 லட்சம் ரூபாய் இழப்பீடு என்று கணக்கிட்டது. கால் நூற்றாண்டு கழிந்த பிறகும் பாதிப்பும் தீரவில்லை, இழப்பீடும் எல்லோருக்கும் போய்ச் சேரவில்லை. 2025 ஜனவரி 30 அன்று உச்ச நீதிமன்றம் மீண்டும் ஒரு தீர்ப்பு வழங்க வேண்டியிருந்தது. விடுபட்டவர்களுக்கு இழப்பீடு தர வேண்டும், ஆற்றைச் சீர்படுத்த வேண்டும் என்று அது உத்தரவிட்டது.

இராணிப்பேட்டையில் குரோமேட் இரசாயனம் தயாரித்த ஓர் ஆலை 1990களின் மத்தியில் மூடப்பட்டது. ஆலை நின்றுவிட்டாலும் அதன் கழிவு அங்கேயே கிடந்தது. ஒன்றரை லட்சம் டன்னுக்கும் மேற்பட்ட குரோமியக் கழிவு மலைபோல் குவிந்து, மழை பெய்யும்போதெல்லாம் மஞ்சள் நீராக மண்ணில் இறங்கியது. 2006இல் வெளிநாட்டு அமைப்பு ஒன்று வெளியிட்ட, உலகின் மிகவும் மாசடைந்த பத்து இடங்களின் பட்டியலில் நம் இராணிப்பேட்டையும் இருந்தது. 2015 ஜனவரி 31 அன்று அதே ஊரின் சிப்காட் பகுதியில் கழிவு நீர் சுத்திகரிப்பு நிலையத்தின் சகதித் தொட்டிச் சுவர் இடிந்து, பக்கத்தில் உறங்கிக் கொண்டிருந்தவர்கள் மீது கழிவு பாய்ந்து 10 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் பிழைப்புக்காக வெளி மாநிலத்திலிருந்து வந்த ஏழைத் தொழிலாளிகள்.

அல்லாஹ் எச்சரிக்கும் குழப்பம்

சூரத்துல் பகராவின் 205வது வசனத்தில் ஒரு வகை மனிதனை அல்லாஹ் அடையாளம் காட்டுகிறான். அவன் பேச்சு இனிக்கும். ஆனால் திரும்பிச் சென்றதும் பூமியில் குழப்பம் விளைவிப்பான், விளைச்சலையும் சந்ததியையும் அழிப்பான் என்கிறான். 'ஹர்ஸ்', 'நஸ்ல்' என்ற இரண்டு சொற்கள் அங்கே வருகின்றன. ஒன்று பயிர், மற்றொன்று தலைமுறை. தண்ணீர் கெட்டால் முதலில் போவது பயிர். அதற்கு அடுத்து போவது பிள்ளைகளின் ஆரோக்கியம். சூரத்துல் அஃராஃபின் 56வது வசனத்தில், பூமி சீராக்கப்பட்ட பிறகு அதில் குழப்பம் செய்யாதீர்கள் என்று தடுக்கிறான். சூரத்துர் ரூமின் 41வது வசனத்தில், தரையிலும் கடலிலும் வெளிப்படும் சீர்கேட்டுக்குக் காரணம் மனிதக் கரங்கள் தேடிக்கொண்டவையே என்றும், மனிதர்கள் திரும்ப வேண்டும் என்பதற்காகவே அதில் சிலவற்றைச் சுவைக்கச் செய்கிறான் என்றும் சொல்கிறான். 'சுவைக்கச் செய்தல்' என்ற சொல்லைக் கவனியுங்கள். நம் ஊர்களில் குழாய்த் தண்ணீரை வாயில் வைத்தவருக்கு அதன் பொருள் புரியும்.

நபி (ஸல்) அவர்கள் தண்ணீர் விஷயத்தில் எவ்வளவு பேணுதலாக இருந்தார்கள்! தேங்கி நிற்கும் நீரில் சிறுநீர் கழிப்பதைத் தடுத்தார்கள். (நூல்: புகாரி, முஸ்லிம்) மக்கள் நீர் எடுக்கும் துறை, நடக்கும் பாதை, ஒதுங்கும் நிழல் ஆகிய மூன்று இடங்களில் மலஜலம் கழிப்பதைச் சாபத்திற்குரிய செயல் என்று எச்சரித்தார்கள். (நூல்: அபூதாவூத்) தண்ணீர், புல், நெருப்பு ஆகிய மூன்றிலும் மக்கள் பங்காளிகள் என்றார்கள். (நூல்: அபூதாவூத்) தனி ஒரு மனிதர் நீர்த்துறையில் அசுத்தம் செய்வதே சாபத்தைத் தேடித் தரும் என்றால், ஓர் ஆற்றுக்குள் குழாய் வைத்துக் கழிவை விடுவதை என்னவென்று சொல்வது?

அந்தப் பெரியவர் கேட்ட சட்டம்

இப்போது கேள்விக்கு வருவோம். தண்ணீருக்கு நிறம், சுவை, வாடை என்று மூன்று தன்மைகள் உண்டு. நஜீஸ் கலந்து இவற்றில் ஒன்று மாறிவிட்டால், அந்தத் தண்ணீர் எவ்வளவு அதிகமாக இருந்தாலும் அது அசுத்தமானது. இதில் இமாம்களிடையே கருத்து வேறுபாடு இல்லை. ஷாஃபிஈ மத்ஹபில் இரண்டு குல்லத் என்ற அளவும், ஹனஃபி மத்ஹபில் ஓடும் நீருக்கான சட்டமும் இந்த இடத்தில் கைகொடுக்காது. பச்சைத் தோலின் இரத்தமும் அழுகலும் கலந்து மாறிப்போன நீருக்கு இச்சட்டம் பொருந்தும்.

கிணற்று நீர் உப்பாக மட்டும் மாறியிருந்தால், 'தண்ணீர்' என்ற பெயர் அதற்கு நிலைத்திருக்கும் வரை ஒளூ கூடும். சுத்தமான ஒரு பொருள் கலந்து, தண்ணீர் என்றே சொல்ல முடியாத அளவுக்கு மாறிவிட்டால் அதைக் கொண்டு ஒளூ செய்ய முடியாது. அந்த நீரைப் பயன்படுத்தினால் உடலுக்குக் கேடு என்று நம்பகமான மருத்துவர் சொன்னால், வேறு நீர் தேட வேண்டும். வேறு நீர் கிடைக்காத நிலையில் தயம்மும் இருக்கிறது. உங்கள் ஊர்த் தண்ணீரின் நிலையைக் காட்டி உங்கள் ஊர் ஆலிமிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

ஆக, நமக்குத் தயம்மும் இருக்கிறது. அந்த விவசாயிக்கு என்ன இருக்கிறது? மண்ணைத் தொட்டு நாம் தொழுதுவிடலாம், அவரால் மண்ணைத் தொட்டுத் தென்னையைக் காப்பாற்ற முடியாது. ஒளூவின் சட்டத்தோடு நம் பொறுப்பு முடிந்துவிடவில்லை என்று சொல்வது இதனால்தான்.

"அது எங்கள் பாட்டன் காலத்து விஷயம்"

இந்தப் பேச்சை எடுத்தால் சில பதில்கள் வரும். ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதல் பதில்: "எல்லாம் பழைய கதை ஹஜரத். இப்போது எல்லாத் தொழிற்சாலையும் பொது சுத்திகரிப்பு நிலையத்தோடு இணைந்திருக்கிறது. கழிவு நீரே வெளியேறாத முறைக்குப் பலர் மாறிவிட்டார்கள்."

உண்மை. கோடிக்கணக்கில் செலவு செய்து சவ்வூடு பரவல் இயந்திரங்கள் வைத்து நேர்மையாக நடத்துகிறவர்கள் இருக்கிறார்கள். அல்லாஹ் அவர்களுக்கு பரகத் செய்வானாக! ஆனால் மண்ணுக்குள் ஏற்கனவே போன உப்பும் குரோமியமும் தீர்ப்பு வந்த நாளோடு மறைந்துவிடவில்லை. சாதாரணச் சுத்திகரிப்பில் உப்பு போகாது. அது நிலத்தடி நீரில் தங்கி, கிணறு கிணறாக நகர்கிறது.

பழைய தீங்குக்கு மார்க்கம் என்ன சொல்கிறது? உஸ்மானியப் பேரரசின் காலத்தில், 1869 முதல் 1876 வரை, ஹனஃபி ஃபிக்ஹைச் சட்டப் பிரிவுகளாகத் தொகுத்தார்கள். 'மஜல்லா' என்று அதற்குப் பெயர். பழமையானது அதன் பழைய நிலையிலேயே விடப்படும் என்பது அதன் 6வது விதி. நீண்ட காலமாக ஒருவர் ஒரு பாதையில் நடந்து வந்தால் அதைத் திடீரென அடைக்கக் கூடாது என்பது போன்ற விஷயங்களுக்கு அது. அடுத்தது 7வது விதி: தீங்குக்குப் பழமை என்ற தகுதி கிடையாது. அதாவது, நூறு ஆண்டுகளாக ஒருவருடைய சாக்கடை அடுத்தவரின் கிணற்றில் விழுந்துகொண்டிருந்தாலும் அது உரிமையாகிவிடாது. 20வது விதி, தீங்கு அகற்றப்பட வேண்டும் என்கிறது. இவற்றுக்கெல்லாம் வேர், தீங்கு செய்வதும் இல்லை, பதிலுக்குத் தீங்கிழைப்பதும் இல்லை என்ற நபிமொழி. (நூல்: இப்னு மாஜா, முவத்தா) தோல் பதனிடும் இடத்தின் துர்நாற்றம், குளியல் கூடத்தின் புகை போன்றவை அண்டை வீட்டாருக்குத் தீங்காவதைப் பற்றி முற்கால ஃபுகஹாக்கள் தனியாகவே பேசியிருக்கிறார்கள்.

இரண்டாவது பதில்: "அன்று யாருக்கும் தெரியாது. தெரியாமல் நடந்தது எப்படிக் குற்றமாகும்?"

இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. பாவம் வேறு, ஈடு வேறு. உறக்கத்தில் புரண்டு அடுத்தவரின் பாத்திரத்தை உடைத்தவர் மீது பாவம் இல்லை. ஆனால் பாத்திரத்தின் விலையை அவர் கொடுத்தே ஆக வேண்டும். தெரியாமல் செய்ததால் பாவத்திலிருந்து தப்பலாம், பொறுப்பிலிருந்து தப்ப முடியாது. தெரிந்த பிறகும் தொடர்ந்தவருக்கோ இரண்டும் உண்டு.

மூன்றாவது பதில்: "செய்தவர் என் வாப்பா. அவர் மவுத்தாகிவிட்டார். நான் ஏன்?"

ஒருவரின் சுமையை மற்றவர் சுமக்க மாட்டார் என்பது குர்ஆனின் தெளிவான தீர்ப்பு. (6:164) தந்தையின் பாவம் மகன் மீது இல்லை. ஆனால் சொத்து வேறு விஷயம். வாரிசுரிமையைப் பற்றிப் பேசும் சூரத்துன் னிஸாவின் 11, 12 வசனங்களில், பங்கு பிரிப்பது வஸிய்யத்துக்கும் கடனுக்கும் பிறகுதான் என்று அல்லாஹ் மீண்டும் மீண்டும் நினைவூட்டுகிறான். மய்யித்தின் மீது பிறருக்கு ஈடு கட்ட வேண்டிய பொறுப்பு உறுதியாக இருந்தால் அதுவும் கடன்தான். வாரிசு தன் சொந்தக் காசிலிருந்து கொடுக்கக் கடமைப்பட்டவர் அல்ல. ஆனால் விட்டுச் சென்ற சொத்திலிருந்து அது தீர்க்கப்பட வேண்டும். ஆணையம் கணக்கிட்ட இழப்பீடு பாக்கி நிற்கும் நிலையில் சொத்தை மட்டும் பிரித்துக்கொண்டவர்கள், இந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். லாபம் யாருக்கோ பொறுப்பும் அவருக்கே என்பதும் ஃபிக்ஹின் விதிதான்.

உமர் பின் அப்துல் அஜீஸ் (ரஹ்) அவர்கள் ஆட்சிக்கு வந்ததும் முதலில் செய்தது என்ன? தம் குடும்பத்தார் முறையின்றிப் பெற்று, வாரிசாகத் தமக்கு வந்திருந்த நிலங்களைத் திருப்பிக் கொடுத்தார்கள். அவற்றைப் பறித்தவர் அவர்கள் அல்ல. தம் கைக்கு வந்ததை வைத்துக்கொள்ள அவர்கள் மனம் ஒப்பவில்லை.

நான்காவது பதில்: "நாங்கள் ஜகாத் கொடுக்கிறோம், பள்ளி கட்டினோம், கிணறு வெட்டினோம்."

சஅத் பின் உபாதா (ரலி) அவர்கள் தம் தாய்க்காக எந்தத் தர்மம் சிறந்தது என்று கேட்டபோது நபி (ஸல்) அவர்கள் தண்ணீர் என்றார்கள். அவர்கள் கிணறு தோண்டினார்கள். (நூல்: அபூதாவூத்) கிணறு வெட்டுவது ஸதகத்துல் ஜாரியா. அப்படியானால் கிணற்றைக் கெடுப்பது? மனிதர்கள் முற்படுத்தியதையும், அவர்கள் விட்டுச் சென்ற சுவடுகளையும் நாம் பதிவு செய்கிறோம் என்று சூரத்து யாஸீனின் 12வது வசனத்தில் அல்லாஹ் சொல்கிறான். நல்ல சுவடும் ஓடும், கெட்ட சுவடும் ஓடும். ஓர் ஊரில் குழாய் போட்ட நன்மையும் அடுத்த ஊரில் ஊற்றைக் கெடுத்த தீமையும் ஒரே ஏட்டில் எழுதப்படுகின்றன.

முஃப்லிஸ் யார் என்று நபி (ஸல்) அவர்கள் தோழர்களிடம் கேட்ட ஹதீஸை நாம் அடிக்கடி கேட்டிருக்கிறோம். மறுமையில் தொழுகை, நோன்பு, ஜகாத்தோடு வருவார். ஆனால் ஒருவரைத் திட்டியிருப்பார், ஒருவர் பொருளைத் தின்றிருப்பார், ஒருவரை அடித்திருப்பார். அவருடைய நன்மைகள் ஒவ்வொன்றாக அவர்களுக்குப் பங்கிடப்படும். நன்மை தீர்ந்துபோனால் அவர்களுடைய பாவங்கள் இவர் மீது போடப்படும். (நூல்: முஸ்லிம்) ஒருவரை அடித்தவருக்கே இந்த நிலை. 29,193 பேர் வரிசையில் நின்றால்?

அந்த வரிசையில் நிற்பவர்களில் பெரும்பாலோர் முஸ்லிம் அல்லாதவர்கள். "அவர்கள்தானே" என்ற எண்ணம் ஷைத்தான் தருவது. உடன்படிக்கையில் வாழும் பிற மதத்தவருக்கு அநீதி இழைப்பவருக்கு எதிராக மறுமையில் நானே வாதாடுவேன் என்று நபி (ஸல்) அவர்கள் எச்சரித்தார்கள். (நூல்: அபூதாவூத்) யாருடைய ஷஃபாஅத்தை நம்பி இருக்கிறோமோ, அந்த நபியே எதிர்த் தரப்பில் நின்றால் நம் கதி என்ன?

ஐந்தாவது பதில்: "ஆற்றைக் கெடுத்தது தோல் தொழில் மட்டும்தானா? நகரச் சாக்கடை? மணல் கொள்ளை?"

இதுவும் உண்மையே. நம் வீடுகளின் கழிவு நீரும் அதே ஆற்றில்தான் விழுகிறது. அள்ளிய மணல் திரும்ப வராது. வடிகட்டியையே எடுத்துவிட்டோம். ஆனால் மறுமையில் அடுத்தவரின் கணக்கைக் காட்டி நம் கணக்கை அடைக்க முடியாது. அவரவர் பங்குக்கு அவரவர் பதில் சொல்ல வேண்டும்.

கீழ்த்தட்டில் ஓட்டை

நுஃமான் பின் பஷீர் (ரலி) அறிவிக்கும் ஹதீஸ் ஒன்று. ஒரு கப்பலில் சீட்டுப் போட்டுச் சிலர் மேல்தட்டிலும் சிலர் கீழ்த்தட்டிலும் இடம் பிடித்தார்கள். கீழே இருப்பவர்கள் தண்ணீர் எடுக்க மேலே போக வேண்டியிருந்தது. மேலே இருப்பவர்களுக்கு ஏன் தொல்லை, நம் பகுதியில் ஓர் ஓட்டை போட்டுக்கொள்வோம் என்று நினைத்தார்கள். மேலே இருப்பவர்கள் அவர்களை விட்டுவிட்டால் எல்லோரும் அழிவார்கள், கையைப் பிடித்தால் எல்லோரும் தப்புவார்கள் என்று நபி (ஸல்) அவர்கள் உவமை கூறினார்கள். (நூல்: புகாரி)

ஓட்டை போட நினைத்தவர்களின் எண்ணம் கெட்டதல்ல என்பதைக் கவனியுங்கள். அவர்களுக்குத் தேவை தண்ணீர், அதையும் யாருக்கும் தொல்லை இல்லாமல் எடுக்கவே நினைத்தார்கள். 'என் இடத்தில் நான் செய்கிறேன்' என்று எண்ணியதுதான் தவறு. இரவில், மழை நேரத்தில், யாரும் பார்க்காதபோது குழாயைத் திறந்துவிடுபவரும் 'என் தொழிற்சாலை' என்றுதான் நினைக்கிறார். கையைப் பிடிக்க வேண்டியவர்கள் நாம்.

நாம் செய்ய வேண்டியவை

தொழில் அதிபர்களே! சுத்திகரிப்புச் செலவை அரசு போட்ட சுமையாக நினைக்காதீர்கள். உங்கள் ரிஸ்க்கை ஹலாலாக வைத்திருக்கும் செலவு அது. உளூஹிய்யத்தாக எண்ணிச் செய்யுங்கள் என்று சொல்லவில்லை, அமானிதமாக எண்ணிச் செய்யுங்கள். இழப்பீட்டுப் பாக்கி இருந்தால் மவுத்துக்கு முன் தீருங்கள். அநீதி இழைத்தவர், தீனாரும் திர்ஹமும் செல்லாத நாள் வரும் முன்னே இன்றே அதைத் தீர்த்துக்கொள்ளட்டும் என்பது நபி (ஸல்) அவர்களின் அறிவுரை. (நூல்: புகாரி) பாதிக்கப்பட்டவர் யார் என்று தெரிந்தால் அவரிடமே சேர்க்க வேண்டும். தெரியவே வழியில்லை என்றால் பொது நலனுக்குச் செலவிட வேண்டும் என்று இமாம் கஸ்ஸாலி (ரஹ்) இஹ்யாவில் விளக்குகிறார்கள். அந்தக் கிராமத்துக்கே குடிநீர் ஏற்பாடு செய்வது அதற்குப் பொருத்தமான வழி.

தொழிலாளச் சகோதரர்களே! கழிவைத் திறந்துவிடச் சொன்னால் செய்யாதீர்கள். படைத்தவனுக்கு மாறு செய்வதில் படைப்புக்குக் கீழ்ப்படிதல் இல்லை. வேலை போய்விடும் என்ற பயம் எனக்குப் புரிகிறது. ஆகவே இந்தப் பொறுப்பு முதலில் ஜமாஅத்தின் மீது விழுகிறது. உண்மை சொன்னதற்காக வேலை இழந்த ஒருவருக்கு ஜமாஅத் துணை நிற்காவிட்டால், நாளை எவரும் உண்மை சொல்ல மாட்டார்.

ஜமாஅத் நிர்வாகிகளே! குர்பானித் தோல்களை நாமே சேகரித்து உப்பிட்டு அனுப்புகிறோம். அந்த உப்பு நீர் எங்கே போகிறது? குர்பானியின் இரத்தமும் குடலும் எங்கே போகின்றன? ஓர் இபாதத்தின் கழிவு ஆற்றில் விழலாமா? குழி தோண்டிப் புதைக்க இந்த ஆண்டே ஏற்பாடு செய்யுங்கள். பள்ளிவாசலின் ஹவ்ழு நீரையும், ஊர்க் கிணறுகளின் நீரையும் ஆண்டுக்கு ஒரு முறையாவது பரிசோதனைக்குக் கொடுத்து, முடிவை அறிவிப்புப் பலகையில் ஒட்டுங்கள். எல்லா மதத்தவரும் வந்து படிக்கட்டும்.

குடும்பத்தாரே! ஒளூவின்போது குழாயைச் சிறிதாகத் திறங்கள். நபி (ஸல்) அவர்கள் ஒரு முத்து நீரில் ஒளூ செய்தார்கள். (நூல்: புகாரி, முஸ்லிம்) இரு கைகள் நிறைந்த அளவு அது. நாம் வாளி வாளியாகக் கொட்டுகிறோம்.

என் பங்கு

இறுதியாக என்னைப் பற்றி ஒரு வார்த்தை. மிம்பரில் ஏறி இத்தனை ஆண்டுகளில் புறம் பேசுவதைப் பற்றி, வட்டியைப் பற்றி, வரதட்சணையைப் பற்றியெல்லாம் பேசியிருக்கிறேன். இந்த ஆற்றைப் பற்றிப் பேசியதில்லை. முன் ஸஃப்பில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். என் சம்பளம் எங்கிருந்து வருகிறது என்றும் தெரியும். தொழிலில் இருப்பவர்கள் யாரும் என்னைத் தடுக்கவில்லை. நானே வாய் மூடிக்கொண்டேன். அந்த விவசாயி வந்து கேட்ட பிறகுதான் என் மவுனமும் அந்தத் தண்ணீரில் கலந்திருப்பதை உணர்ந்தேன். அல்லாஹ் என்னை மன்னிக்க வேண்டும்.

அன்று அந்தப் பெரியவரிடம் நான் சொன்னது இவ்வளவுதான்: "ஐயா, இந்தத் தண்ணியில எங்களுக்கு ஒளூ ஆகுமான்னு கேட்டீங்க. பரிசோதனை செஞ்சு பார்த்துச் சொல்றேன். ஆனா இதை இப்படியே விட்டுட்டு நாங்க தொழுதா, அந்தத் தொழுகைக்கு என்ன பதில் சொல்றதுன்னுதான் எனக்குப் பயமா இருக்கு."

அவர் பாட்டிலை என்னிடமே கொடுத்துவிட்டுப் போனார். பரிசோதனைக்குக் கொடுத்தது போக மீதி என் அறையில் ஜன்னல் ஓரத்தில் இருக்கிறது.

சூரத்துல் முல்க்கின் கடைசி வசனத்தை நம்மில் பலர் ஒவ்வொரு இரவும் ஓதுகிறோம். உங்கள் தண்ணீர் பூமிக்குள் வற்றிப் போய்விட்டால், ஓடும் நீரை உங்களுக்குக் கொண்டு வருபவன் யார் என்று அதில் அல்லாஹ் கேட்கிறான். அவனைத் தவிர யாரும் இல்லை என்று நம் உள்ளம் பதில் சொல்கிறது. அவன் கொடுத்த நீரை நாம் என்ன செய்தோம் என்ற கேள்வியும் அதற்குப் பின்னால் காத்திருக்கிறது.

யா அல்லாஹ்! எங்கள் முன்னோர்களின் அறியாப் பிழைகளை மன்னிப்பாயாக! எங்களால் பாதிக்கப்பட்டவர்களின் உரிமைகளை இம்மையிலேயே தீர்த்துவிடும் துணிவை எங்களுக்குத் தருவாயாக! எங்கள் தொழில்களில் ஹலாலையும் பரகத்தையும் தருவாயாக! வேலை செய்யும் இடத்தில் உயிரிழந்த ஏழைகளின் குடும்பங்களுக்கு ஆதரவளிப்பாயாக! பாலாற்றிலும் எங்கள் எல்லா நீர்நிலைகளிலும் சுத்தமான நீரை மீண்டும் ஓடச் செய்வாயாக! ஆமீன். ஆமீன். யா ரப்பல் ஆலமீன்.

வஸ்ஸலாமு அலைக்கும் வரஹ்மத்துல்லாஹி வபரகாத்துஹு.